மலாக்காவை ஒரு நாள் எடுத்த கதை

முத்துக்குமரன் நகர் குடியிருப்போர் நலச்சங்கத்தைப் பற்றி நீங்கள் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். கேள்விப்படாதவரை உங்களுக்கும் நிம்மதி, எனக்கும் நிம்மதி. ஆனால் வாயைத் திறந்துவிட்டேன், இனிச் சொல்லாமல் இருக்க முடியாது.

திருச்சியிலிருந்து பஸ் ஏறினால் முக்கால் மணி நேரம். நூற்றிருபது வீடு, ஒரு தண்ணீர்த் தொட்டி, ஒரு சமுதாயக் கூடம். தொட்டியில் தண்ணீர் இருக்காது. கூடத்தில் மட்டும் வருஷம் பூராவும் காதுகுத்து, நிச்சயதார்த்தம், கல்யாணம் என்று ஏதாவது நடந்துகொண்டே இருக்கும். அந்தக் கூடத்தை வாடகைக்கு விடுவதுதான் சங்கத்துக்கு உள்ள ஒரே வேலை.

அதை அவர்கள் பார்க்கிற நேர்த்தி இருக்கிறதே, அடேயப்பா! காலை ஒன்பதுக்குச் சாவி கொடுப்பார்கள். சாயங்காலம் ஐந்துக்குச் சாவி வாங்குவார்கள். வாங்கும்போது நாற்காலி, அண்டா, ஜன்னல் கண்ணாடி என்று ஒவ்வொன்றாகத் தடவிப் பார்ப்பார்கள். ஒரு நாற்காலிக்குக் கால் ஆடினாலும் சரி, கூடத்தை எடுத்தவர் பதில் சொல்லாமல் வாசலைத் தாண்ட முடியாது. ஒரு தடவை ஜல்லிக்கரண்டி ஒன்று காணாமல் போய்விட்டது. அது கிடைக்கிற வரைக்கும் மாப்பிள்ளையை உள்ளேயே உட்கார வைத்திருந்தார்கள். முதலிரவு ஒரு நாள் தள்ளிப்போனது.

இந்தச் சட்டத்தை எல்லாம் எழுதியவர் தலைவர் சிவக்கொழுந்து. அவரும் இன்னும் மூன்று பேரும் போன மாதம் மலேசியாவுக்குச் சுற்றுலா போனார்கள். செயலாளர் அருளானந்தம், ரயில்வேயில் முப்பத்துநாலு வருஷம் குப்பை கொட்டி ஓய்வு பெற்றவர். மகளிர் பிரிவுத் தலைவி கோமளவல்லி, எந்த விசேஷமானாலும் வாசலில் நின்று பன்னீர் தெளிக்கிறவர். துணைத்தலைவர் ஜபருல்லா, எதைச் சொன்னாலும் "நான் வழிமொழியறேன்" என்பார். அதற்கு மேல் அவர் பேசி யாரும் கேட்டதில்லை.

சிவக்கொழுந்துக்கு மட்டும் மனசெல்லாம் ஊரிலேயே கிடந்தது. வெள்ளிக்கிழமை ஒரே மகள் நித்யகல்யாணிக்கு வளைகாப்பு. வியாழக்கிழமை காலையில் ஊர் திரும்ப விமானம். "அன்னைக்கு நீங்க வந்து நிக்கலைன்னா அப்புறம் என் மூஞ்சியில முழிக்காதீங்க" என்று அவர் மனைவி பர்வதவர்த்தினி ஏர்போர்ட்டிலேயே சொல்லி அனுப்பியிருந்தாள். அந்த அம்மாள் சொன்னால் சொன்னதுதான். ஆகவே புதன்கிழமை மலாக்கா என்ற பழைய துறைமுக ஊரைப் பார்த்து முடித்துவிட்டு, எந்த வம்பிலும் மாட்டாமல் ஊர் போய்ச் சேர வேண்டும் என்பதுதான் அவருடைய ஒரே பிரார்த்தனை.

புதன்கிழமை காலை ஒன்பதுக்கு வழிகாட்டிப் பெண் ஹோட்டல் வாசலுக்கு வந்தாள். பெயர் பரிமளா. அந்த ஊர்த் தமிழ்ப் பெண். கையில் ஒரு மஞ்சள் குடை.

"வணக்கம் அங்கிள், வணக்கம் ஆண்டி! பசியாறிட்டீங்களா? இதுல ஒரு சைன் மட்டும் போட்டுடுங்க, கிளம்பிடலாம்" என்று ஒரு தாளை நீட்டினாள்.

தலைவர்கள் முதலில் கையெழுத்துப் போட்டுவிட்டு அப்புறம்தான் படிப்பார்கள். சிவக்கொழுந்தும் அப்படியே செய்தார். படித்ததும் அவருக்கு வியர்த்தது.

"தனிச் சுற்றுலா. காலை 9 முதல் மாலை 5 வரை மலாக்கா முழுவதும் உங்களுக்கே! பயண நேரத்தில் நேரும் சேதங்களுக்கு ஒப்பமிட்டவரே பொறுப்பு."

சேதம் என்று சுற்றுலாக் கம்பெனி சொன்னது வேன் சீட்டைக் கிழிப்பது, ஜன்னலை உடைப்பது மாதிரியான சமாச்சாரம். ஆனால் ஒன்பதிலிருந்து ஐந்து வரை என்பதும், எடுத்தவரே பொறுப்பு என்பதும் சிவக்கொழுந்துக்குத் தெரிந்த ஒரே ஒரு விஷயத்தைத்தான் சொல்லும். அவர் மற்ற மூவரையும் லிஃப்டுக்குப் பக்கத்தில் கூட்டிக்கொண்டு போய் அவசரக் கூட்டம் போட்டார்.

"ஊரையே நம்ம பேருக்கு எடுத்திருக்காங்க" என்றார். "இன்னைக்குப் பூரா மலாக்கா நம்ம பொறுப்பு. அஞ்சு மணிக்கு இருந்தது இருந்தபடி ஒப்படைக்கணும்."

"ஒப்படைக்கலைன்னா?" என்று கேட்டார் கோமளவல்லி.

"ஜல்லிக்கரண்டிக்கே மாப்பிள்ளையைப் பிடிச்சு வச்சோம். ஊருக்கு என்னைப் பிடிச்சு வைக்க மாட்டாங்களா?"

"நான் வழிமொழியறேன்" என்றார் ஜபருல்லா.

சிவக்கொழுந்து பரிமளாவிடம் வந்து கையை நீட்டினார். "சாவி குடும்மா."

"சாவியா? அதெல்லாம் வேணாம்லா அங்கிள். எல்லாம் திறந்துதான் இருக்கு."

"ராத்திரி பூரா திறந்தேவா கிடந்துச்சு?"

"ஆமா அங்கிள், எப்பவும் திறந்துதான் இருக்கும்."

நான்கு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். இப்படிப் பொறுப்பில்லாத நிர்வாகத்தை அவர்கள் வாழ்க்கையில் பார்த்ததில்லை.

வேன் போய்ச் சேர்ந்த இடம், டச்சுக்காரர்கள் கட்டிய சிவப்புக் கட்டிடங்கள் சூழ்ந்த சதுக்கம். நடுவில் ஒரு மணிக்கூண்டு, ஒரு நீரூற்று. "நான் டிரைவர்கிட்ட ஒரு வார்த்தை சொல்லிட்டு வந்துடறேன். அதுவரைக்கும் மணிக்கூண்டைச் சுத்திப் பார்த்துக்கிட்டு இருங்க" என்று சொல்லிவிட்டுப் போனாள் பரிமளா.

அவள் திரும்பி வந்தபோது நான்கு பேரும் மணிக்கூண்டைப் பதினொன்றாவது சுற்றுச் சுற்றிக்கொண்டிருந்தார்கள். பார்வை மணிக்கூண்டின் மேலேயே இருந்தது. பின்னால் சீனப் பயணிகள் முப்பது பேர். அந்த ஊர் வழக்கம் போலிருக்கிறது என்று நினைத்து, அவர்களும் பயபக்தியாகச் சுற்றிக்கொண்டிருந்தார்கள்.

"போதும் அங்கிள், போதும்!" என்று ஓடி வந்தாள். "இனிமே என் குடையைப் பார்த்துக்கிட்டே என் பின்னால வாங்க. கூட்டம் ஜாஸ்தி, தவற விட்டுடாதீங்க."

அவள் இரண்டு பக்கமும் கையைக் காட்டிக் காட்டிச் சொல்லிக்கொண்டே நடந்தாள். நான்கு பேரும் குடையைத் தவிர எதையும் பார்க்கவில்லை. அந்தக் குடையில் எட்டுக் கம்பி, ஒரு கம்பி கொஞ்சம் வளைந்திருக்கிறது என்று அருளானந்தம் இன்றைக்கும் சொல்வார். திரும்பிப் பார்த்தபோது ஜபருல்லாவைக் காணோம். நீரூற்றுத் தொட்டிக்குள் முழங்கால் நனைய நின்றபடி குடையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அவரைக் கரையேற்றிய பிறகுதான் சிவக்கொழுந்து சுற்றுமுற்றும் பார்த்தார். சதுக்கம் முழுக்க ஜனம்.

"தனிச் சுற்றுலான்னு போட்டிருக்கு. இவங்கள்லாம் யாரு?" என்று பரிமளாவிடம் கேட்டார்.

"எல்லாம் உங்களை மாதிரி வந்தவங்கதான் அங்கிள்."

மணிக்கூண்டு நிழலில் இரண்டாவது கூட்டம் கூடியது.

"இடத்தை நாம எடுத்திருக்கோம். கூப்பிடாத ஆளுங்க உள்ள வந்துட்டாங்க. வெளியே போகச் சொல்லணும்" என்றார் அருளானந்தம்.

"வந்தவங்களைப் போன்னு சொல்றதா? நல்லா இருக்கே!" என்று பொங்கினார் கோமளவல்லி. "நம்ம பேர்ல மண்டபம் இருக்கிறப்ப உள்ள வந்தவங்க நம்ம விருந்தாளிங்க. வாங்கன்னு ஒரு வார்த்தை கேட்காம இவ்வளவு நேரம் நின்னுட்டோமேன்னு எனக்கு உடம்பே கூசுது."

தீர்மானம் நிறைவேறியது. கோமளவல்லி சதுக்கத்திலிருந்த தேவாலயத்துக்கு முன்னால் நின்று, வருகிறவர் போகிறவருக்கெல்லாம் கைகூப்பினார். "வாங்க, வாங்க! வீட்ல எல்லாரும் சௌக்கியமா? குழந்தைங்களைக் கூட்டிட்டு வரலையா? இருந்து சாப்பிட்டுட்டுத்தான் போகணும்!" கொரியாக்காரர்களும் சீனர்களும் பதிலுக்குக் குனிந்து கும்பிட்டு, அவரோடு படம் எடுத்துக்கொள்ள வரிசையில் நின்றார்கள். தேவாலயத்துக்குக்கூட அன்று அவ்வளவு கூட்டமில்லை.

சிவக்கொழுந்து தலைகளை எண்ணிப் பார்த்தார். இத்தனை பேருக்கு யார் இலை போடுவது? மெல்ல கோமளவல்லியை இழுத்துக்கொண்டு குடையின் பின்னால் நடந்தார்.

சதுக்கத்தை ஒட்டியிருந்த சின்ன மலையின் அடிவாரத்தில் பரிமளா நின்று சரித்திரம் சொன்னாள். "இந்த ஊரை முதல்ல போர்ச்சுகீஸ்காரன் எடுத்தான். அவன்கிட்டேருந்து டச்சுக்காரன் எடுத்தான். அப்புறம் இங்கிலீஷ்காரன் எடுத்தான். நடுவுல கொஞ்ச காலம் ஜப்பான்காரனும் எடுத்தான்."

"பரவாயில்லையே, நல்லா ஓடுற இடம்தான்" என்று தலையாட்டினார் அருளானந்தம்.

"இடத்துக்குச் சொந்தக்காரர் யாரும்மா?" என்று கேட்டார் சிவக்கொழுந்து.

"அப்ப சுல்தான் இருந்தாரு அங்கிள்."

"இவங்கள்லாம் எடுக்கிறப்ப சுல்தான்கிட்ட எழுதிக் கொடுத்தாங்களா?"

"எங்க அங்கிள்! பீரங்கியோட வந்தாங்க, எடுத்துக்கிட்டாங்க."

"எழுதிக் கொடுக்காமயா?" சிவக்கொழுந்துக்கு முகம் சிவந்துவிட்டது. "நம்ம கூடத்துல ஒரு பய அப்படிப் பண்ண முடியுமா? முதல் ஆள்கிட்டயே கறாரா இருந்திருந்தா நாலு பேர் வந்திருப்பாங்களா? சுல்தானுக்கு நிர்வாகம் போதலை."

மலைப்படி ஏறத் தொடங்கினார்கள். "காலைப் பார்த்து வைங்க, படி ஒசரம்" என்றாள் பரிமளா. சிக்கல் வந்துவிட்டது. குடையைப் பார்த்தால் காலைப் பார்க்க முடியாது. காலைப் பார்த்தால் குடையைப் பார்க்க முடியாது. பத்து நிமிஷம் விவாதித்து, இரண்டு பேர் குடையையும் இரண்டு பேர் காலையும் பார்ப்பது என்று பிரித்துக்கொண்டார்கள். குடையைப் பார்த்தவர்கள் இடறி விழுந்தார்கள். காலைப் பார்த்தவர்கள் வேறு ஒரு கூட்டத்தோடு பாதி தூரம் இறங்கிவிட்டார்கள். அவர்களைத் தேடிப் பிடித்து மேலே கொண்டுவருவதற்குள் பரிமளாவின் தொண்டை கட்டிவிட்டது.

உச்சியில் பழைய தேவாலயம் ஒன்று. நான்கு பக்கமும் சுவர். அண்ணாந்து பார்த்தால் வானம்.

சிவக்கொழுந்து பரிமளா பக்கம் திரும்பினார். "ஏம்மா... கூரை எங்க?"

"கூரை இல்ல அங்கிள்."

"இல்லைன்னா?"

"ரொம்ப நாளாவே கிடையாது. அதைப் பார்க்கத்தான் எல்லாரும் வர்றாங்க."

"கூரை இல்லாததைப் பார்க்கவா?"

வெளியே வந்தால் சவேரியார் சிலை. வலது கையைக் காணோம். அருளானந்தம் சிலுவை போட்டுக்கொண்டார். "மரம் விழுந்து உடைஞ்சதுன்னு சொல்லுவாங்க" என்றாள் பரிமளா. மலையிறங்கினால் கோட்டை. கோட்டை என்றால் வாசல் மட்டும்தான். வாசலுக்குப் பின்னால் கோட்டையே இல்லை.

சிவக்கொழுந்து அந்த வாசலின் கல்லிலேயே பொத்தென்று உட்கார்ந்தார். காலையில் கூரையையும் கையையும் கோட்டையையும் சரிபார்க்காமல் கையெழுத்துப் போட்டாயிற்று. அஞ்சு மணிக்கு வந்து கேட்பார்கள். என்ன பதில் சொல்வார்? வளைகாப்பு நடந்துகொண்டிருக்கும்போது அவர் இங்கே கோட்டை கட்டக் கல் சுமந்துகொண்டிருப்பார். நித்யகல்யாணியின் முகம் கண்முன் வந்தது. அறுபத்துமூன்று வயது மனுஷர், துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"அழாதீங்க தலைவரே" என்றார் அருளானந்தம். "எப்ப உடைஞ்சதுன்னு முதல்ல கேட்போம். ஏம்மா, கோட்டையை இடிச்சது யாரு?"

"இங்கிலீஷ்காரங்க அங்கிள். எய்ட்டீன் நாட் செவன்ல."

அருளானந்தம் துள்ளிக் குதித்தார். முப்பத்துநாலு வருஷ ரயில்வே சும்மா போகுமா? "எய்ட்டீன் நாட் செவன்! பதினெட்டு மணி ஏழு நிமிஷம்! தலைவரே, சாயங்காலம் ஆறு ஏழு! நம்ம டைம் இன்னைக்குக் காலைல ஒன்பதுக்குத்தான் ஆரம்பிக்குது. அப்படின்னா இது நேத்து சாயங்காலம் நடந்தது!"

"நமக்கு முன்னால எடுத்தவன்!" என்று எழுந்தார் சிவக்கொழுந்து. உயிர் திரும்பி வந்தது.

"கோட்டையையே இடிச்சவன் கூரையை மட்டும் சும்மா விட்டிருப்பானா?" என்றார் கோமளவல்லி.

"நான் வழிமொழியறேன்" என்றார் ஜபருல்லா.

"ஐயோ அங்கிள், அது மணி இல்ல, வருஷம்..." என்று பரிமளா ஆரம்பித்தாள். தொண்டை கட்டியிருந்ததால் அந்தச் சந்தோஷக் கூச்சலில் யார் காதிலும் விழவில்லை.

"நேத்து இடிச்சவன் இன்னைக்கு ரொம்ப தூரம் போயிருக்க மாட்டான்" என்று சிவக்கொழுந்து கண்ணை ஓட்டினார். எதிரே பூவும் பொம்மையும் சிங்காரித்து, பாட்டு அலற, ஒரு மூன்று சக்கர ரிக்‌ஷா நின்றது. அதில் வெயிலில் சிவந்த மூக்கோடு ஒரு பெரியவர் இளநீர் குடித்துக்கொண்டிருந்தார்.

"யூ இங்கிலீஷ்?" என்று போய் நின்றார் சிவக்கொழுந்து.

"யெஸ்" என்றார் அவர் சிரித்துக்கொண்டே.

"இந்தக் கோட்டையை இடிச்சது நீங்கதானான்னு கேளும்மா."

பரிமளா தலையில் கை வைத்துக்கொண்டாள். ஆனாலும் கேட்டாள். பெரியவர் சிரித்தார். அப்புறம் வாசலைப் பார்த்தார். அப்புறம் எதிரில் நிற்கிற நான்கு பேரையும், சிவக்கொழுந்தின் ஈரக் கண்ணையும் பார்த்தார். சிரிப்பு நின்றுவிட்டது. தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு ஏதோ சொன்னார்.

"ஆமா, நாங்கதான் இடிச்சோம், இடிச்சிருக்கக் கூடாது, மன்னிச்சுக்கோங்கன்னு சொல்றாரு" என்றாள் பரிமளா. எத்தனையோ வெள்ளைக்காரர்களை அந்த வாசலுக்குக் கூட்டி வந்திருக்கிறாள். இப்படி ஒருத்தரும் சொன்னதில்லை.

"மன்னிப்பெல்லாம் இருக்கட்டும், கையெழுத்து வாங்குங்க" என்றார் அருளானந்தம். அதற்குள் அவர் எழுதி வைத்திருந்த தாளில், "கோட்டை, கூரை, ஒரு கை ஆகியவற்றை உடைத்தது நாங்களே. இன்று எடுத்தவர்களுக்கு இதில் சம்பந்தமில்லை" என்று இருந்தது. பெரியவர் தமிழைத் தலைகீழாகப் பிடித்துப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

"கையோட நம்ம ஊர்ப் பக்கம் வெள்ளைக்காரன் உடைச்சதுக்கும் ஒரு வரி சேர்த்து வாங்கிடலாமே" என்றார் கோமளவல்லி.

"அது வேற மண்டபம்மா. இதுல அதைக் கலக்கக் கூடாது" என்று கண்டித்தார் சிவக்கொழுந்து. சட்டம் என்றால் அவருக்குச் சட்டம்தான்.

அதற்குப் பிறகு பகல் நல்லபடியாகப் போனது. ஆற்றில் படகில் சுற்றினார்கள், கடைத்தெருவில் செண்டோல் என்கிற ஐஸ் போட்ட தேங்காய்ப்பால் பானம் குடித்தார்கள். ஜபருல்லாவின் வேட்டியும் காய்ந்தது. நாலே முக்காலுக்குக் கோமளவல்லி, கண்ணில் பட்டவர்களிடமெல்லாம் "நேரமாச்சு, போயிட்டு வாங்க, வீட்ல கேட்டதாச் சொல்லுங்க" என்று கைகூப்பிக் கிளப்பிக்கொண்டிருந்தார்.

ஐந்து அடித்தது. வேனுக்குப் பக்கத்தில் சிவக்கொழுந்து நிமிர்ந்து நின்றார். வெள்ளைக்காரர் கையெழுத்திட்ட தாளைப் பரிமளாவிடம் கொடுத்தார். "மலாக்கா நகரம் இருந்தது இருந்தபடி திரும்பப் பெறப்பட்டது" என்று எழுதிய இன்னொரு தாளையும் நீட்டினார். பரிமளாவுக்கு வாதாடத் தெம்பில்லை. சத்தியமாகச் சொல்கிறேன், அந்த நிலைமையில் சிங்கப்பூரைத் திரும்பப் பெற்றதாக எழுதியிருந்தாலும் அவள் கையெழுத்துப் போட்டிருப்பாள்.

அவள் கையெழுத்துப் போட்ட கணத்தில் சிவக்கொழுந்துக்கு நெஞ்சிலிருந்து பாறாங்கல் இறங்கியது. ஆயிற்று. நாளைக் காலை விமானம், நாளை மறுநாள் வளைகாப்பு. மகள் கையில் முதல் வளையல் போடுவதை முன்வரிசையில் நின்று பார்க்கலாம். தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்து, பையை மூன்று தடவை தட்டிப் பார்த்துக்கொண்டார்.

பரிமளா நல்ல பெண். நாள் முழுக்க உயிரை வாங்கினாலும், பிரியும்போது நாலு நல்ல வார்த்தை சொல்லாமல் அனுப்ப அவளுக்கு மனசு வரவில்லை.

"போயிட்டு வாங்க அங்கிள். என்னை மறந்துடாதீங்க. இனிமே மலாக்கா எப்பவும் உங்களோடதுதான்!"

சிவக்கொழுந்தின் கால் வேன் படியிலேயே நின்றுவிட்டது.

"எப்பவும்னா?" என்றார் மெல்ல.

"முடியுற தேதி சொல்லலை தலைவரே" என்றார் அருளானந்தம்.

"ஊரைப் பூட்டவும் சாவி இல்லை" என்றார் கோமளவல்லி. "அந்த இங்கிலீஷ்காரன் வேற இங்கதான் சுத்திக்கிட்டு இருக்கான். நாம அந்தப் பக்கம் போனதும் மிச்சம் இருக்கிற வாசலையும் இடிச்சான்னா?"

"நான் வழிமொழியறேன்" என்றார் ஜபருல்லா. வழிமொழிந்துவிட்டு, தம்முடைய பையை வேனிலிருந்து இறக்கி வைத்தார்.

சிவக்கொழுந்து நடுத்தெருவில் உட்கார்ந்துவிட்டார். ஒரு பக்கம் சட்டம், இன்னொரு பக்கம் பெற்ற மகள். வெகுநேரம் தலையைப் பிடித்துக்கொண்டிருந்தவர் சட்டென்று நிமிர்ந்தார். முகம் மலர்ந்திருந்தது. செல்போனை எடுத்துப் பர்வதவர்த்தினியைக் கூப்பிட்டார்.

"இங்க பாரு பர்வதம், நான் அங்க வர முடியாது. கத்தாதே, முழுசாக் கேளு. எல்லாரையும் கூட்டிக்கிட்டு நீ இங்க வந்துடு. வளைகாப்பை இங்கயே வச்சுக்கலாம். இடம் நம்ம இடம். எத்தனை நாள் வேணும்னாலும் இருக்கலாம், ஒரு பய கேட்க மாட்டான்."

அந்தப் பக்கம் பர்வதவர்த்தினி விருந்தாளிப் பட்டியலைப் புரட்டும் சத்தம் கேட்டது. அப்புறம், "எத்தனை பேர் புழங்கலாம்?" என்று குரல் வந்தது.

சிவக்கொழுந்து பரிமளாவைப் பார்த்தார். "ஏம்மா, இந்த ஊருக்குள்ள எத்தனை பேர் இருக்கலாம்?"

"ஒரு அஞ்சு லட்சம் பேர் இருக்காங்க அங்கிள்" என்றாள் அவள், அழாத குறையாக.

"கேட்டியா பர்வதம்? அஞ்சு லட்சம் பேர் தாராளமாப் புழங்கலாம்."

"அஞ்சு லட்சம்தானா?" என்றாள் பர்வதவர்த்தினி. "அப்ப உங்க அக்கா வீட்டு ஆளுங்களை எங்கே உட்கார வைக்கிறதாம்?"